கோழி ரத்தமா? மனித ரத்தமா?

மணிமுத்தாறில் இன்று அணை இருக்கிறது. பூங்கா இருக்கிறது. போலீஸ் பட்டாளம் ஒன்று நிரந்தரமாகவே அங்கு தங்கியிருக்கிறது. 1850-ல் அங்கே என்ன இருந்தது?

மலை இருந்தது. காடு இருந்தது. தாமிரபரணியைத் தேடி ஓடும் ஆறு இருந்தது. போலீஸ் என்று தனி இலாகாவே கிடையாது!

அந்தக் காலத்தில், மலையடிவாரக் கிராமம் ஒன்றில் கொலை நடந்ததாக வைத்துக்கொள்வோம். வாய்க்கால் கரையில் ஒருவன் வெட்டுப்பட்டுக் கிடக்கிறான். பார்த்தவர் யாரும் இல்லை. தலையாரி வீடு வீடாகத் தேடுகிறான். ஒரு வீட்டில், கொடியில் கிடந்த வேட்டியில் ரத்தக் கறை!

"இது என்னடா?"

"கோழி அறுத்தேன், எஜமான். கோழி ரத்தம்!"

அவன் சொல்வது நிஜமாக இருக்கலாம். பொய்யாகவும் இருக்கலாம். எப்படிக் கண்டுபிடிப்பது? அந்த ஊரில் அதற்கு ஒரே ஒரு வழிதான் இருந்தது.

அடி!

கிட்டியும் அண்ணாந்தாளும்

அப்போது வரி வசூல் செய்கிற தாசில்தாரிடமே போலீஸ் அதிகாரமும் இருந்தது. வரி கட்டாதவனுக்கும் அடி. திருடன் என்று சந்தேகப்பட்டவனுக்கும் அடி.

அடிக்கும் விதத்துக்குப் பெயர்கள் கூட உண்டு. 'கிட்டி' என்பது இரண்டு கட்டைகள். ஒரு முனையில் சேர்த்துக் கட்டியிருக்கும். நடுவில் கைவிரல்களைக் கொடுத்து அழுத்துவார்கள். 'அண்ணாந்தாள்' என்பது அதைவிடக் கொடுமை. ஓடுகிற மாட்டுக்குக் கழுத்தையும் காலையும் சேர்த்துக் கட்டுவார்கள் அல்லவா? அதுபோல மனிதனைக் குனிய வைத்துத் தலையையும் காலையும் சேர்த்துக் கட்டி, வெயிலில் நிறுத்திவிடுவார்கள்.

எவ்வளவு நேரம் தாங்குவான்? "நான்தான் கொன்றேன்" என்று சொல்லிவிடுவான். கொல்லாதவனும் சொல்வான்!

இந்த விஷயம் லண்டன் பாராளுமன்றம் வரை போனது. 1854-ல் அங்கே விவாதம் நடந்தது. உடனே சென்னை ராஜதானியில் விசாரணைக் கமிஷன் போட்டார்கள். எலியட், ஸ்டோக்ஸ், நார்ட்டன் என்ற மூவர் அதன் உறுப்பினர்கள். ஜனங்கள் கால்நடையாகவே வந்து முறையிட்டார்கள். ஏறக்குறைய 2,000 புகார்கள் குவிந்தன. 1855-ல் அறிக்கை வெளிவந்தது. ஆங்கிலத்தில் எழுதிய அந்த அறிக்கையில் கிட்டி, அண்ணாந்தாள் என்ற சொற்கள் அப்படியே அச்சேறியிருக்கின்றன. நம் பாஷை சீமைக்குப் போனது இப்படியும் ஒரு வழியில்!

அதன் பிறகுதான் 1859-ல் சென்னை ராஜதானிக்குத் தனிப் போலீஸ் சட்டம் வந்தது. 1872-ல் வந்த சாட்சியச் சட்டம் இன்னும் ஒரு படி மேலே போனது. போலீஸ்காரரிடம் ஒருவன் குற்றத்தை ஒப்புக்கொண்டால், அதை அவனுக்கு எதிராகக் கோர்ட்டில் சாட்சியமாக வைக்கக் கூடாது என்று சொல்லிவிட்டது. ஒரு விலக்கு மட்டும் உண்டு. அவன் சொன்னதை வைத்து ஒரு பொருளைக் கண்டெடுத்தால், அந்தப் பொருளைக் காட்டிக்கொடுத்த பேச்சு மட்டும் செல்லும்.

அதாவது, வாய்ப்பேச்சை நம்பாதே, பொருளை நம்பு!

சரி, பொருள் பேசுமா? பேச வைக்கும் வேலை அதற்கு முன்பே சென்னையில் தொடங்கிவிட்டது.

இந்தியாவிலேயே முதல்

1849-ல் சென்னையில் ரசாயனப் பரிசோதகரின் ஆய்வுக்கூடம் ஏற்பட்டது. குற்ற வழக்குகளுக்காக இந்தியாவில் ஏற்பட்ட முதல் ஆய்வுக்கூடம் இதுதான். கல்கத்தாவுக்கு 1853-ல் வந்தது. ஆக்ராவுக்கு 1864-ல், பம்பாய்க்கு 1870-ல். லண்டன் போலீசார் தங்களுக்கென்று தனி ஆய்வுக்கூடம் வைத்துக்கொண்டது எப்போது தெரியுமா? 1935-ல்தான்! அதுவரை ஆஸ்பத்திரி டாக்டர்களையும் கல்லூரி ரசாயனப் பேராசிரியர்களையும் நம்பித்தான் அவர்கள் காலம் தள்ளினார்கள்.

சென்னையில் முதல் வேலை விஷத்தைக் கண்டுபிடிப்பது. அந்தக் காலத்தில் விஷம் என்றால் முதலில் நினைவுக்கு வருவது வெள்ளைப் பாஷாணம். நிறம் கிடையாது, வாசனை கிடையாது. வாந்தி பேதியில் செத்தான் என்று ஊர் நினைக்கும். காலரா தலைவிரித்து ஆடிய காலம். எது காலரா, எது கொலை என்று யார் சொல்வது?

இதற்கு ஒரு காப்பிக் கதை உண்டு. இங்கிலாந்தில் போடில் என்ற கிழவர் காலையில் காப்பி குடித்தார். சில நாட்களில் இறந்துபோனார். பேரன் மேல் வழக்கு. ஜேம்ஸ் மார்ஷ் என்ற ரசாயன நிபுணர் பாஷாணம் இருப்பதைக் கண்டுபிடித்தார். ஆனால் ஜூரிகளிடம் காட்டுவதற்குள் அவர் வைத்திருந்த சரக்கு கெட்டுவிட்டது. ஜூரிகள் நம்பவில்லை. பேரன் விடுதலை! வெளியே வந்த பிறகு, "நான்தான் கொன்றேன்" என்று அவனே சொன்னான். ஒரு தடவை விடுதலையானவனை மறுபடி கூண்டில் ஏற்ற முடியாது.

மார்ஷுக்கு ஆத்திரம். கண்ணால் பார்த்து யாரும் நம்பக்கூடிய சோதனை வேண்டும் என்று உட்கார்ந்தார். 1836-ல் கண்டுபிடித்தார். சந்தேகப்பட்ட பொருளைத் துத்தநாகத்தோடும் திராவகத்தோடும் சேர்க்கிறார்கள். அதிலிருந்து வரும் வாயுவைக் கொளுத்தி, அந்தச் சுடரில் குளிர்ந்த பீங்கானைப் பிடிக்கிறார்கள். பாஷாணம் இருந்தால் பீங்கானில் கறுப்பாக, கண்ணாடி போல் பளபளவென்று ஒரு படலம் ஒட்டிக்கொள்ளும். அதைக் கோர்ட்டுக்கே எடுத்துப் போகலாம்! மறு ஆண்டு விக்டோரியா ராணி பட்டத்துக்கு வந்தார். அவர் காலத்து விஷ வழக்குகளில் இந்தப் பீங்கான் கறை பல பேருக்குக் கயிற்றைக் காட்டியது.

திருநெல்வேலிச் சீமையில் ஒருவர் சந்தேகமாக இறந்தால் என்ன செய்ய வேண்டும்? சோதிக்க வேண்டிய பொருள் சென்னைக்குப் போயாக வேண்டும். திருநெல்வேலிக்கு ரயில் வந்ததே 1876-ல்தான். அதற்கு முன் எல்லாம் சாலை வழிதான். மாட்டு வண்டி, தபால் ஓட்டக்காரன். சித்திரை வெயிலில் ஏறக்குறைய நானூறு மைல்!

வேலியில் வளரும் விஷம்

வெள்ளைக்கார டாக்டர்களுக்கு இங்கே இன்னொரு சங்கடம். சீமைப் புத்தகங்களில் இருந்த விஷங்கள் வேறு. நம் வேலியோரத்தில் வளர்ந்த விஷங்கள் வேறு. அரளி, ஊமத்தை போன்றவற்றால் நடக்கும் கொலைகள் சீமை டாக்டருக்கு அதிகம் பழக்கமில்லாதவை. நம் பாட்டிமாருக்குத் தெரிந்தது கூட அவர்களுக்குத் தெரியவில்லை என்றே சொல்ல வேண்டும். 1856-ல் கல்கத்தாவில் நார்மன் செவர்ஸ் என்ற டாக்டர், இந்தியக் குற்றங்களுக்கென்றே ஒரு பெரிய வைத்திய சட்டப் புத்தகம் எழுதி வெளியிட்டார்.

ஊமத்தை வழிப்பறிக்காரர்களின் ஆயுதம். சத்திரத்தில் சிநேகிதம் பிடித்துச் சாப்பாட்டில் கலந்துவிடுவார்கள். வழிப்போக்கன் பித்தனைப்போல் பிதற்றுவான்; பிறகு மயங்கிவிடுவான். மடியில் உள்ளது போய்விடும். சில சமயம் உயிரும் போய்விடும்.

இதில் ஒரு வேடிக்கை. ஊமத்தை விதையும் மிளகாய் விதையும் பார்வைக்கு ஒன்றுபோல் இருக்கும். மிளகாய் இல்லாத குழம்பு நம் நாட்டில் ஏது? "குழம்பில் கிடந்தது மிளகாய் விதைதான்" என்று எதிரி சொன்னால் என்ன செய்வது? பரிசோதகர்கள் விதையைப் பிளந்து உருப்பெருக்கிக் கண்ணாடியில் பார்த்தார்கள். மேல் தோலின் குழிகள், ஓரத்தின் கரை, உள்ளே முளை வளைந்திருக்கும் விதம் எல்லாம் வேறு வேறு என்று கண்டுகொண்டார்கள். விதையே கிடைக்காவிட்டால்? பூனை சாட்சி சொன்னது! சந்தேகப்பட்ட பொருளிலிருந்து எடுத்த சத்தில் ஒரு துளியைப் பூனையின் கண்ணில் விடுவார்கள். ஊமத்தைச் சத்து இருந்தால் கண்மணி அகலமாக விரியும்.

எட்டி மரம் மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரக் காடுகளில் வளர்வது. 'எட்டிக்காய்' என்று கசப்புக்கு நாம் சொல்லும் உவமை. அந்தக் கொட்டை கப்பலேறிச் சீமைக்குப் போனது. அதிலிருந்து ஸ்டிரிக்னின் என்ற கொடிய சரக்கை எடுத்தார்கள். எலி மருந்தாகவும், துளி அளவில் மருந்தாகவும் சீமைக் கடைகளில் விற்றார்கள். பிறகு கொலைக்கும் பயன்பட்டது.

பந்தயக் கடன்

வில்லியம் பால்மர் ஒரு டாக்டர். குதிரைப் பந்தயப் பைத்தியம். கழுத்து வரை கடன். 1855 நவம்பரில் அவருடைய நண்பர் குக் பந்தயத்தில் பெரும் பணம் ஜெயித்தார். சில நாட்களில் உடம்பு வில்லாக வளைந்து, துடித்துச் செத்தார். பக்கத்திலிருந்து 'மருந்து' கொடுத்தவர் பால்மர்!

பிணப் பரிசோதனைக்கும் அவர் வந்து நின்றார். அறுக்கிற கையை இடித்துவிட்டார். வயிற்றில் இருந்தது சிந்திப்போனது. எடுத்து வைத்த ஜாடியின் மூடியில் கீறல். ஜாடியைக் கொண்டுபோகிற வண்டிக்காரனிடம், "வண்டியைக் கவிழ்த்துவிடு, பணம் தருகிறேன்" என்று பேரம் பேசினார்.

லண்டனில் ஆல்பிரட் டெய்லர் என்ற பெரிய நிபுணர் சோதித்தார். ஸ்டிரிக்னின் அகப்படவில்லை! ஆனாலும் செத்த விதம், விஷம் வாங்கிய கணக்கு, கடன் எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்து ஜூரிகள் குற்றவாளி என்றார்கள். 1856 ஜூன் 14-ந் தேதி பால்மர் தூக்கில் தொங்கினார். பார்க்க ஆயிரக்கணக்கான ஜனம் கூடியது.

பால்மர் யோக்கியர் என்று சொல்ல யாரும் இல்லை. ஆனால் விஷமே அகப்படாமல் விஷக் கொலைக்குத் தூக்கு என்பது அன்றைய நிபுணர்களையே இரண்டு கட்சியாகப் பிரித்துவிட்டது. விஞ்ஞானம் வாய் திறக்காத இடத்தில் மனிதன் ஊகம் செய்கிறான். அந்த ஊகம் தப்பானால் ஒரு கழுத்து போய்விடும்.

கோழி தப்பியது, ஆடு தப்பவில்லை

இனி நம் வேட்டிக்கு வருவோம்.

கோழி ரத்தத்தை மனித ரத்தத்திலிருந்து பிரித்துச் சொல்ல விக்டோரியா காலத்திலேயே வழி பிறந்துவிட்டது. ரத்தத்தை உருப்பெருக்கியில் பார்த்தால் சிறு சிறு சிவப்பு அணுக்கள் தெரியும். மனிதன், ஆடு, மாடு எல்லாவற்றுக்கும் அவை வட்ட வில்லை போல் இருக்கும். நடுவில் கரு கிடையாது. கோழி, புறா, மீன், தவளை இவற்றின் அணுக்கள் முட்டை வடிவம்; நடுவில் கரு உண்டு. ஒட்டகத்தின் அணு மட்டும் முட்டை வடிவம், ஆனால் கரு இல்லை. திருநெல்வேலிச் சீமையில் ஒட்டகத்துக்கு எங்கே போவது! ஆகவே "கோழி ரத்தம்" என்றால் சரிபார்த்துவிடலாம்.

ஆனால் "ஆட்டு ரத்தம்" என்றால்? நிபுணர் கை விரித்துவிடுவார். ஆட்டின் அணு கொஞ்சம் சிறியது என்பது உண்மைதான். காய்ந்துபோன கறையில் அந்தச் சிறு வித்தியாசத்தை அளந்து, ஒருவனைத் தூக்கில் போட யாருக்குத் துணிவு வரும்?

சமையற்காரனும் புறாவும்

இந்த இரண்டும் சந்தித்த ஒரு வழக்கு வங்காளத்தில் நடந்தது. மாஞ்சோலைத் தோட்டத்தைப் பார்த்தவர்களுக்கு இடம் மனக்கண்ணில் தெரியும். அதுபோன்ற தேயிலைத் தோட்டம், ஊர் ஜல்பைகுரி, ஆண்டு 1897. தோட்ட மானேஜர் கழுத்து அறுபட்டுக் கிடந்தார். பெட்டி உடைந்து கிடந்தது. பணம் காணோம்.

கூலிகள் மேல் சந்தேகம். அந்தப் பக்கம் சுற்றித் திரிந்த காபூலிக்காரர்கள் மேல் சந்தேகம். சமையற்காரனுடைய துணியில் ரத்தத் துளிகள்!

"எஜமானுக்குச் சமைக்கப் புறா அறுத்தேன்" என்றான் அவன்.

1850-ல் மணிமுத்தாறு அடிவாரத்தில் என்றால் அவன் கதி என்ன? இங்கே துணி ரசாயனப் பரிசோதகரிடம் போனது. அது புறா ரத்தம் என்பதற்கு ஒத்தே முடிவு வந்தது. சமையற்காரன் பிழைத்தான்!

பெட்டிக்குள் ஒரு பஞ்சாங்கம் இருந்தது. அதில் பழுப்பாக ஒரு கறை. பாலூட்டும் பிராணியின் ரத்தம் என்றார் பரிசோதகர். அதற்கு மேல் அவரால் சொல்ல முடியவில்லை. ஆனால் அந்தக் கறையில் ஒரு கட்டை விரலின் ரேகை தெளிவாகப் பதிந்திருந்தது.

அந்த ஆண்டு ஜூன் மாதம்தான் கல்கத்தாவில் உலகத்தின் முதல் கைரேகை நிலையம் திறந்திருந்தார்கள். தண்டனை பெற்ற கைதிகளின் ரேகைகள் அங்கே வரிசையாக அடுக்கப்பட்டிருந்தன. தேடினார்கள். காங்காலி சரண் என்ற பழைய வேலைக்காரனின் வலது கட்டை விரலோடு பொருந்தியது! மானேஜரிடம் திருடி ஜெயிலுக்குப் போனவன்.

1898-ல் வழக்கு விசாரணை நடந்தது. திருட்டுக்குத் தண்டனை விதித்தார்கள். கொலைக் குற்றத்திலிருந்து விட்டுவிட்டார்கள். வெட்டியதைக் கண்டவர் இல்லை. ஒரு விரல் ரேகையை மட்டும் நம்பி உயிரை எடுக்க மனம் வரவில்லை. அது கோழைத்தனம் என்று சிலர் நினைக்கலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. புதிதாக வந்த சாட்சியைக் கொஞ்சம் தள்ளி நிற்க வைத்துப் பார்த்தார்கள். அது நியாயம்தான்.

கைநாட்டின் பெருமை

எழுதத் தெரியாதவரைக் 'கைநாட்டு' என்று கேலி செய்கிறோம். அந்தக் கைநாட்டுதான் உலகத்துப் போலீசுக்கே பாடம் ஆனது. 1858-ல் வங்காளத்தில் வில்லியம் ஹெர்ஷல் என்ற அதிகாரி, சாலை போடச் சரக்குக் கொடுக்கும் ஒப்பந்தக்காரரின் உள்ளங்கையையே பத்திரத்தின் பின்னால் பதிய வைத்தார். நாளைக்கு "நான் எழுதித் தரவில்லை" என்று சொல்லாமல் இருக்கட்டும் என்றுதான்!

லட்சம் ரேகைகளில் ஒன்றை எப்படித் தேடி எடுப்பது? அந்தக் கணக்கைப் போட்டவர்கள் அஜிஜுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இரண்டு இந்திய போலீஸ் அதிகாரிகள். பெயர் மட்டும் அவர்களுடைய மேலதிகாரிக்குப் போய் 'ஹென்றி முறை' ஆனது. 1901-ல் லண்டன் ஸ்காட்லாந்து யார்டும் அதையே ஏற்றுக்கொண்டது.

வீட்டில் திருட்டுப் போனால் முதலில் பீரோவைத் துடைத்து, சாமான்களை எடுத்து அடுக்குகிற வழக்கம் நம் பெண்களிடம் உண்டு. போலீசார் வரும் வரை கதவு, பீரோ, செம்பு எதையும் தொடாதீர்கள். திருடன் போட்டுவிட்டுப் போன கைநாட்டு அதில்தான் இருக்கும்!

ஆடும் பேசியது

விக்டோரியா ராணி 1901 ஜனவரியில் இறந்தார். அதே ஆண்டில், ஜெர்மனியில் பால் உலென்ஹூத் என்ற டாக்டர் ஆட்டுக் கேள்விக்கு விடை கண்டுபிடித்தார். முயலின் உடம்பில் மனித ரத்தத்தின் சத்தைச் செலுத்தினார். சில வாரங்கள் கழித்து அந்த முயலின் ரத்தத்திலிருந்து தெளிநீரை எடுத்தார். மனித ரத்தக் கறையைக் கரைத்து அதில் சேர்த்தால், தெளிநீர் கலங்கிப்போகிறது. ஆட்டு ரத்தத்துக்குக் கலங்குவதில்லை!

அப்போது அந்த நாட்டில் ஒரு தச்சன் இருந்தான். டெஸ்னோவ் என்று பெயர். 1898-ல் இரண்டு சிறுமிகள் கொடூரமாகக் கொலையானபோது அவனைப் பிடித்தார்கள். துணியில் கறை. "மரத்துக்கு அடிக்கும் சாயம்" என்றான். மறுக்க வழி தெரியாமல் விட்டுவிட்டார்கள். 1901-ல் ரூகன் தீவில் இரண்டு சிறுவர்கள் அதேபோல் கொலை! மறுபடியும் அவன் துணியில் கறை. மறுபடியும் சாயம், மாட்டு ரத்தம் என்றான். இந்தத் தடவை துணி உலென்ஹூத்திடம் போனது. மனித ரத்தம் இருந்தது; ஆட்டின் ரத்தமும் இருந்தது. சில வாரங்களுக்கு முன் வயலில் ஆடுகளை யாரோ குத்திக் கிழித்துப் போட்டிருந்தார்கள். அதுவும் அவன் வேலைதான் என்று வெளிப்பட்டது. கோர்ட்டு அவனுக்கு மரண தண்டனை விதித்தது.

மூன்று வருஷம் முன்னால் இந்தச் சோதனை வந்திருந்தால் அந்த இரண்டு சிறுவர்களும் பிழைத்திருப்பார்கள்.

சிங்கம்பட்டி வழக்கு

மணிமுத்தாறுக் காடுகள் ஒரு காலத்தில் சிங்கம்பட்டி ஜமீனுக்குச் சொந்தம். அந்த ஜமீனையும் ஒரு கொலை வழக்கு உலுக்கியது. 1919 அக்டோபரில், சென்னையில் ஜமீன் வாரிசுகள் படித்த நியூயிங்டன் கல்லூரியில், தலைமை ஆசிரியர் டி லா ஹே என்ற வெள்ளைக்காரர் தூக்கத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். கடம்பூர் மைனரும் சிங்கம்பட்டி மைனரும் சிக்கினார்கள். சிங்கம்பட்டி மைனர் அப்ரூவர் ஆனார். வழக்கு பம்பாய் ஹைகோர்ட்டுக்குப் போனது. அவர் சொன்ன கதையைக் கோர்ட்டு ஏற்கவில்லை. கடம்பூர் மைனர் விடுதலை! சுட்டது யார் என்பது முடிவாகாமலே போயிற்று.

குண்டைப் பார்த்துத் துப்பாக்கியைக் கண்டுபிடிக்கலாமே என்று இன்று கேட்போம். இரண்டு குண்டுகளை ஒரே பார்வையில் அருகருகே வைத்துப் பார்க்கும் உருப்பெருக்கி அமெரிக்காவில் வந்ததே 1925-ல்தான். வழக்குச் செலவில் ஜமீன் கடனில் மூழ்கியது என்பார்கள். 1929-ல் 8,000 ஏக்கருக்கு மேற்பட்ட மலைக்காட்டை 99 வருஷக் குத்தகைக்குப் பம்பாய்-பர்மா கம்பெனிக்குக் கொடுத்தது. அதில்தான் மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டம் எழுந்தது.

சுவரில் இருந்த சாட்சி

இன்று சோதனைக்கு நானூறு மைல் போக வேண்டியதில்லை. திருநெல்வேலியிலேயே வட்டாரத் தடய அறிவியல் ஆய்வகம் இருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்த புதிய சட்டம், ஏழு ஆண்டோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றங்களில் தடய நிபுணர் சம்பவ இடத்துக்கே வர வேண்டும் என்கிறது. போலீசாரிடம் சொன்ன ஒப்புதல் செல்லாது என்ற 1872-ம் வருஷத்து விதியும் புதிய சாட்சியச் சட்டத்தில் அப்படியே இருக்கிறது.

கிட்டி ஒழிந்ததா? 2023-ல் அம்பாசமுத்திரம் பக்கத்தில், விசாரணைக்கு அழைத்துப் போனவர்களின் பல்லைப் பிடுங்கியதாகப் போலீஸ் அதிகாரி மேல் புகார் எழுந்தது, சி.பி.சி.ஐ.டி. விசாரணை வந்தது. அதற்கு முன், 2020 ஜூனில், சாத்தான்குளம் போலீஸ் நிலையத்துக்கு அழைத்துச் செல்லப்பட்ட தந்தையும் மகனும் அடுத்தடுத்து இறந்தார்கள். நாடே கொதித்தது. வழக்கு சி.பி.ஐ.க்குப் போனது. போலீஸ் நிலையத்துக்குள்ளேயே ரத்தக் கறைகளைத் தேடி எடுத்து மத்தியத் தடய அறிவியல் ஆய்வகத்துக்கு அனுப்பினார்கள். கோழியா, ஆடா, மனிதனா என்பதோடு இன்றைய சோதனை நிற்பதில்லை. எந்த மனிதன் என்றும் சொல்கிறது. அந்த நிலையத்துச் சுவரில் இருந்த ரத்தத்தின் டி.என்.ஏ. இறந்துபோன தந்தை மகனுடையதோடு பொருந்துகிறது என்று சி.பி.ஐ. தன் குற்றப்பத்திரிகையில் எழுதியது.